நான்கு எல்லைகள்: புத்தளத்தில் ஒரு யாழ்ப்பாண முஸ்லிம் குடியிருப்பின் பதிவேடு

1990 ஒக்டோபரில் யாழ்ப்பாணத்திலிருந்து வெளியேற்றப்பட்ட முஸ்லிம் குடும்பங்களில் ஒரு தொகுதியினர் புத்தளம் நகருக்கு அண்மையில் அமைத்துக்கொண்ட குடியிருப்பொன்றில், அவர்களின் பள்ளிவாசல் நிர்வாகம் கால் நூற்றாண்டாகப் பேணிவந்த ஒரு பதிவேட்டைப் பற்றியது இந்த ஆய்வு. போர் முடிந்து, திரும்பிப் போவதா இங்கேயே இருப்பதா என்ற கேள்வி அவர்கள் முன் வந்தபோது அந்தப் பதிவேடு எங்கே கைகொடுத்தது, எங்கே காலை வாரிவிட்டது, அதன் பின் அதில் என்னென்ன திருத்தப்பட்டன என்பதை நடந்த ஒழுங்கிலேயே எழுதியிருக்கிறேன். குடியிருப்பின் பெயரையும் ஆட்களின் பெயர்களையும் தவிர்த்துள்ளேன். அடையாளம் தெரியாதிருக்கச் சில சிறு விவரங்களை மாற்றியுமுள்ளேன். நான் 2010 முதல் அந்த நிர்வாகத்துக்கு ஆவண வேலைகளில் உதவியவன். கீழே தவறென்று குறிப்பிடும் முதல் முடிவை அன்று ஆதரித்துப் பேசியவர்களில் நானும் ஒருவன் என்பதை வாசிப்பவர்கள் மனதில் வைத்துக்கொள்ள வேண்டும்.

பின்னணி

1990 ஒக்டோபரின் பிற்பகுதியில் வட மாகாணத்தின் ஐந்து மாவட்டங்களிலிருந்தும் முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டார்கள். அவர்களின் தொகை 70,000 பேருக்கும் மேல். யாழ்ப்பாண நகரில் அது ஒக்டோபர் 30ஆம் திகதி நடந்தது. ஒலிபெருக்கியில் அறிவித்து, ஜின்னா மைதானத்துக்கு வரச் சொல்லி, நகரைவிட்டுப் போவதற்கு 2 மணிநேரம் கொடுத்தார்கள். கையோடு கொண்டுபோக விட்டது உடுப்பும் ஆளுக்கு ஒரு சிறு தொகையும்தான். நகைகள் வழியிலேயே கழற்றப்பட்டன. நான் பேசிய குடும்பங்களில் பெரும்பாலானவற்றின் காணி உறுதிகள் வீட்டு அலுமாரியிலேயே கிடந்துவிட்டன. சில நாட்களில் திரும்பிவிடுவோம் என்றுதான் பலரும் நினைத்திருந்தார்கள். ஒரு மூதாட்டி ஊறப்போட்ட அரிசியை மூடிவைத்துவிட்டு வந்ததை இருபது ஆண்டுகளுக்குப் பிறகும் சொல்லிக்கொண்டிருந்தார்.

மன்னார்த் தீவு மக்கள் கடல் வழியாகக் கற்பிட்டிக் கரையில் இறங்கினார்கள். யாழ்ப்பாணத்தார் வவுனியா வழியாக வந்து சேர்ந்தார்கள். தமிழ் பேசும் முஸ்லிம்கள் செறிந்து வாழும் புத்தளமும் கற்பிட்டியும் அவர்களை ஏற்றுக்கொண்டன. பள்ளிவாசல்கள், பாடசாலைகள், தென்னந்தோட்டங்கள் எல்லாம் திறந்துவிடப்பட்டன. உள்ளூர் வீடுகளிலிருந்து சமைத்த சோறு வந்தது. பிறகு கிடுகுக் கொட்டில்கள் எழுந்தன. முகாம் என்ற பெயர் நிலைத்தது. உலருணவு நிவாரணமும் நிலைத்தது.

'வடக்கு முஸ்லிம்' என்ற அடையாளம் வடக்கில் உருவானதன்று என்பதை இங்கே சொல்லியாக வேண்டும். வெளியேற்றத்துக்கு முன் யாழ்ப்பாணச் சோனகத்தெருவாரும் மன்னார் எருக்கலம்பிட்டியாரும் தம்மை ஒரே ஆட்களாக எண்ணியதில்லை. பேச்சு வேறு, தொழில் வேறு, அவர்களுக்குள் கலியாணமும் அரிதென்றே முதியவர்கள் சொல்கிறார்கள். ஒரே நிவாரண வரிசையில் நின்று, ஒரே 'அகதி' என்ற சொல்லைக் கேட்டு, ஒரே ஒக்டோபரை ஆண்டுதோறும் நினைவுகூர்ந்த பிறகே அந்தப் பொதுப்பெயர் வந்தது. புத்தளத்தில்தான் அவர்கள் வடக்கு முஸ்லிம்கள் ஆனார்கள். இந்தக் குடியிருப்பு மட்டும் அந்தப் பொதுப்பெயருக்குள் தன் தெருக்களைத் தனியே வைத்திருக்க விரும்பியது. பதிவேடு பிறந்தது அந்த விருப்பத்தில்தான்.

பதிவேடு

முதற் பதிவேடு தடித்த அட்டை போட்ட ஒரு சீ.ஆர். கொப்பி. தொண்ணூறுகளின் தொடக்கத்தில், யாழ்ப்பாணத்தில் கடைக் கணக்கெழுதிய ஒருவர் அதை ஆரம்பித்தார். கிராம சேவையாளரிடமிருந்த நிவாரணப் பட்டியல் கொட்டில் இலக்கப்படி அமைந்திருந்தது. இவரோ தன் கொப்பியைப் பழைய தெருக்களின்படி பிரித்தார். நிர்வாக சபை அதை ஏற்றுக்கொண்டதற்குக் கூட்டக் குறிப்பில் இரண்டு காரணங்கள் எழுதப்பட்டுள்ளன. ஜனாஸா (இறுதிச் சடங்கு), நிக்காஹ் (திருமணம்), சக்காத் (ஏழைவரி) பங்கீடு ஆகிய எதற்கும் ஒருவர் யார் வீட்டுப் பிள்ளை என்று தெரியவேண்டும். கொட்டில் இலக்கத்தில் அது தெரியாது. மற்றையது, உறுதிகள் இல்லாத நிலையில் யாருக்கு எங்கே காணி இருந்தது என்பதற்கு ஒரு சாட்சி வேண்டும்.

இரண்டாவது காரணத்துக்காகவே அந்தக் கொப்பியில் எனக்கு மிகப் பிடித்த நிரல் வந்தது. காணி உறுதியில் எழுதுவதுபோல ஒவ்வொரு வளவுக்கும் நான்கு எல்லைகளை எழுதியிருந்தார்கள். ஒரு பதிவைப் பெயர் நீக்கித் தருகிறேன்: 'வடக்கு, மாஸ்டர் வீடு. கிழக்கு, ஒழுங்கை. தெற்கு, மாமியின் வளவு. மேற்கு, கிணறு, அதில் எங்களுக்குப் பாதி.' வடக்கிலிருந்த மாஸ்டர் ஒரு தமிழர். இப்படிப் பல பக்கங்களில் தமிழ் அயலவர்களின் பெயர்கள் வரிசையாக வருகின்றன. வெளியேற்றப்பட்ட கோபம் ஆறாத அந்த ஆண்டுகளில் கூட, தங்கள் வளவு எது என்று சொல்ல அந்தப் பெயர்கள் இவர்களுக்குத் தேவைப்பட்டன. எழுதியவர் இதை ஒரு கொள்கையாகச் செய்யவில்லை. எல்லை சொல்லாமல் காணி சொல்ல முடியாது, அவ்வளவுதான்.

கொட்டில்கள் இருந்த ஒழுங்கும் தெருக்களின் ஒழுங்கும் ஒத்துப்போகவில்லை. யாழ்ப்பாணத்தில் சுவர் ஒட்டி இருந்த இரண்டு வீட்டார் இங்கே குடியிருப்பின் இரண்டு கோடிகளில் இருந்தார்கள். ஆனாலும் மரண வீட்டுக்கு முதலில் சோறு கொண்டுபோனவர்கள் பக்கத்துக் கொட்டிலார் அல்லர், பதிவேட்டில் பக்கத்து எல்லையாக இருந்தவர்களே. பிள்ளைகளும் அப்படியே வளர்ந்தார்கள். 1996இல் இங்கே பிறந்த ஒரு சிறுமி, தரம் 5இல் 'எனது ஊர்' என்ற தலைப்பில் எழுதிய கட்டுரையை அவளுடைய தந்தை எனக்குக் காட்டினார். கண்ணால் காணாத ஒழுங்கையை அவள் வீடு வீடாக எழுதியிருந்தாள். மேற்கே கிணறு, அதில் பாதி தங்களுடையது என்பது உட்பட. ஆசிரியை சிவப்பு மையால் ஒரு கேள்வி எழுதியிருந்தார்: 'நீர் இருப்பது புத்தளத்தில் அல்லவா?'

அந்த ஆசிரியை புத்தளத்தைச் சேர்ந்தவர். அவருடைய கேள்வியில் கிண்டல் எதுவும் இருந்ததாக எனக்குத் தோன்றவில்லை.

உள்ளூராருடனான உறவு

ஆரம்ப மாதங்களின் தாராளம் இருபது ஆண்டுகளுக்கு நீடிக்க வேண்டும் என்று எதிர்பார்ப்பது நியாயமன்று. உப்பளங்களிலும் வெங்காயத் தோட்டங்களிலும் கூலிக்குப் போனவர்கள் அதிகமாக, நாட்கூலி இறங்கியது என்று உள்ளூர்த் தொழிலாளர் சொன்னார்கள். வகுப்பறைகள் நிரம்பின. நிவாரண லொறி வந்த நாளில், அதே அளவு ஏழையான உள்ளூர்க் குடும்பமொன்று மதிலோரம் நின்று பார்த்துக்கொண்டிருந்ததை அந்தக் குடியிருப்பின் முதியவர் ஒருவரே எனக்குச் சொன்னார். பல்கலைக்கழக அனுமதியில் ஒரு பங்கு திறமை அடிப்படையிலும் பெரும்பங்கு மாவட்ட ஒதுக்கீட்டிலும் வழங்கப்படுவதால், இடம்பெயர்ந்த பிள்ளை எந்த மாவட்டக் கணக்கில் வருகிறது என்பது உயர்தர வகுப்புகளில் ஓயாத வாய்ச்சண்டையாக இருந்தது. 'அகதி' என்ற சொல் சில வேளைகளில் விலாசமாகவும் சில வேளைகளில் வசையாகவும் வந்தது.

2007இல் உலக வங்கியின் நிதியுதவியோடு புத்தளம் வீடமைப்புத் திட்டம் தொடங்கியபோது இந்தக் குடியிருப்பிலும் கிடுகுக் கொட்டில்கள் கல்வீடுகளாயின. வீட்டு உதவி பெறுவதற்குக் காணி தம் பெயரில் இருக்க வேண்டியிருந்ததால் பலர் தாம் இருந்த துண்டு நிலத்தை விலைக்கு வாங்கி உறுதி எழுதினார்கள். சிலர் நீண்ட நாள் தயங்கினார்கள். இங்கே காணி வாங்கினால் அங்கே உரிமை போய்விடும் என்ற அச்சம் அவர்களிடம் இருந்தது. அந்த அச்சத்துக்குச் சட்டத்தில் ஆதாரம் இல்லை. ஆனால் சட்டத்தில் ஆதாரம் உள்ள வேறொரு அச்சமும் இருந்தது: மற்றொருவர் 10 ஆண்டுகள் தடையின்றி ஆண்டுவந்த காணியில் அவருக்கு ஆட்சியுரிமை பிறக்கலாம் என்பதே அது.

பதிவேடு அப்போதும் பழையபடியே இருந்தது. புதுக் கல்வீடுகளைப் பற்றி அதில் ஒரு வரியும் இல்லை.

2009க்குப் பின் எழுந்த கேள்வி

இதற்கு முன்னரும் ஒரு தடவை கதவு திறந்து மூடியிருந்தது. 2002 போர்நிறுத்தத்தின்போது யாழ்ப்பாணத்துக்குச் செல்லும் ஏ9 வீதி திறந்தது. அந்த ஏப்ரலில் கிளிநொச்சியில் நடந்த செய்தியாளர் சந்திப்பில் புலிகள் தரப்பு வெளியேற்றத்துக்கு வருத்தம் தெரிவித்தது. சில ஆண்கள் போய்த் தங்கள் வீடுகளைப் பார்த்துவிட்டு வந்தார்கள். ஓரிருவர் தையற்கடை வைத்தார்கள். 2006 ஓகஸ்டில் வீதி மூடப்பட்டபோது அவர்கள் இரண்டாம் முறையாகக் கையை உதறிக்கொண்டு வந்து சேர்ந்தார்கள். ஆகவே 2009 மே மாதம் போர் முடிந்தபோது குடியிருப்பில் மகிழ்ச்சியைவிட எச்சரிக்கையே அதிகமாகத் தென்பட்டது.

2010இல் மீள்குடியேற்றப் பதிவு தொடங்கியது. படிவம் எளிமையானது: குடும்பத் தலைவர் யார், எந்த மாவட்டத்தில் மீளக் குடியேற விரும்புகிறார், புத்தளத்துப் பதிவை விடுகிறாரா. இரண்டு இடத்திலும் பெயர் இருக்க முடியாது என்று அலுவலர்கள் சொன்னார்கள், அதில் தவறில்லை. ஆனால் ஒரு குடும்பம் ஒரு நாளில் ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்குத் தூக்கி வைக்கப்படும் பொருள் என்று அந்தப் படிவம் எண்ணியிருந்தது. வெளியேற்றத்துக்குப் பின் பிறந்தவர்களுக்கே பிள்ளைகள் இருந்தார்கள். யாழ்ப்பாணத்தில் ஒரு வளவு விட்டு வந்த குடும்பம் இப்போது மூன்று, நான்கு குடும்பங்களாயிருந்தது.

முதல் முடிவு

ஒரு வெள்ளிக்கிழமை இஷா என்னும் இரவுத் தொழுகைக்குப் பின் நிர்வாக சபை கூடியது. பதிவேட்டிலுள்ள எல்லாக் குடும்பங்களும் யாழ்ப்பாணத்தில் பதிவது என்று முடிவாயிற்று. காரணங்கள் அன்று எங்களுக்கு மிகத் தெளிவாகவே தெரிந்தன. இப்போது பதியாவிட்டால், முஸ்லிம்கள் திரும்ப விரும்பவில்லை என்று சொல்லிவிடுவார்கள். சிறு சிறு தொகையாகப் போனால் எந்த அலுவலகமும் கணக்கில் எடுக்காது. தெருவாரியாகப் போனால் எடுக்கும். ஆட்சியுரிமை வாதத்தை முறிக்க ஆள் அங்கே கால் வைக்க வேண்டும். பதிவேடு இருந்ததால் பட்டியல் ஒரே வாரத்தில் தயாரானது. மற்றக் குடியிருப்புகள் இன்னும் பெயர் சேகரித்துக்கொண்டிருக்க, நாங்கள் தட்டச்சு செய்த பட்டியலைக் கையில் வைத்திருந்தோம். அந்த வேகத்தில் எங்களுக்கு ஒரு பெருமை இருந்தது. அந்தப் பெருமை எங்கள் கண்ணை மறைத்தது என்றே இன்று நினைக்கிறேன்.

அந்தக் கூட்டத்தில் பெண்கள் இல்லை. பாடசாலை ஆசிரியை ஒருவர் தன் தம்பி மூலம் ஒரு கேள்வி அனுப்பியிருந்தார்: 'அடுத்த வருடம் தரம் 1க்குப் போகிற பிள்ளைகளின் தாய்மாரும் பதிய வேண்டுமா?' தம்பி அதைக் கேட்டார். பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று பதில் சொல்லப்பட்டது. அப்படிச் சொன்னது யாரென்று குறிப்பில் இல்லை, நானாகவும் இருக்கலாம்.

அதன் பின் நடந்தவை

பதிவு சுலபமாக முடிந்தது. சிக்கல் மூன்று பக்கங்களிலிருந்து வந்தது.

முதலாவது, வீடு. போனவர்கள் கண்டது கூரையில்லாச் சுவர்களையும், சுவருமில்லாத அத்திவாரங்களையும், பற்றையையும். மேலே சொன்ன சிறுமி 2011இல் தந்தையோடு போனாள். அவர்களுடைய ஒழுங்கை தான் எழுதியதைவிட மிக ஒடுக்கமாக இருந்ததாகவும், கிணற்றுக்குள் வேப்பங்கன்று முளைத்திருந்ததாகவும் சொன்னாள். வீடு கட்டுவதற்கு முன் அங்கே நிரந்தரமாக இருப்பதைக் காட்ட வேண்டும். இருப்பதற்கு முதலில் வீடு வேண்டும். இந்திய அரசின் வீட்டுத் திட்டத்தில் ஒரு வீட்டுக்கு 5,50,000 ரூபா வழங்கப்பட்டபோது, பயனாளியைத் தேடி வந்த அலுவலர்கள் பல வளவுகளில் ஆளைக் காணவில்லை. ஆள் புத்தளத்தில் பிள்ளைக்குக் காய்ச்சல் என்று போயிருப்பார். பட்டியலில் அது 'வதிவிடமில்லை' என்றாகிவிடும்.

இரண்டாவது, உறுதி. இங்கேதான் பதிவேட்டின் அடிப்படைக் கோளாறு வெளிப்பட்டது. எங்கள் கொப்பி முழுவதும் ஆண்களின் பெயரில் இருந்தது. ஆனால் அந்தத் தெருக்களில் பெண்ணுக்கு வீடு கொடுத்துக் கட்டிவைப்பதே வழக்கம். ஆகவே உறுதிகள் மனைவியின் பெயரில், மாமியின் பெயரில், அவருடைய தாயின் பெயரில் இருந்தன. காணிப் பதிவகத்தில் கணவனின் பெயரைச் சொல்லித் தேடியவர்கள் ஒன்றும் கிடைக்காமல் திரும்பினார்கள். எங்களுக்கு இதெல்லாம் தெரியாததல்ல. வீடு யாருடையது என்று கேட்டால் எந்தக் கிழவியும் சரியாகச் சொல்லியிருப்பார். கடைக் கணக்கெழுதியவர் தலைவரின் பெயரை முதல் நிரலில் எழுதினார். அரச படிவமும் தலைவரையே கேட்டது. இரண்டும் ஒத்துப்போனதால் யாரும் நின்று யோசிக்கவில்லை.

நான்கு எல்லைகள் காப்பாற்றின. பெயர் கிடைக்காத இடத்தில் எல்லையைக் கொண்டு தேட முடிந்தது. வடக்கு எல்லையாக எழுதப்பட்ட மாஸ்டர் அப்போதும் உயிரோடிருந்தார். அவரும் ஊரைவிட்டுப் போனவர்தான். 1995ஆம் ஆண்டு ஒக்டோபர் 30ஆம் திகதி, முஸ்லிம்கள் போய்ச் சரியாக ஐந்தாண்டு கழித்து, யாழ்ப்பாணத்துத் தமிழ் மக்களும் ஒரே இரவில் நகரைக் காலிசெய்ய நேர்ந்தது. அவர் அடுத்த ஆண்டு திரும்பியவர். நில அளவையாளர் முன்னிலையில் கைத்தடியால் எல்லையைக் காட்டிக்கொண்டு போனவர், கிணற்றடியில் நின்று, 'பாதி அவையின்ரை' (பாதி அவர்களுடையது) என்றார். கொப்பியிலிருந்த வரியை அவர் பார்த்திருக்க வாய்ப்பில்லை. எல்லா வளவுகளிலும் இப்படி நடந்ததென்று எண்ணிவிடக்கூடாது. மூன்றாம் கை மாறி விற்கப்பட்டிருந்த காணிகளும், அயலவர் முகம் கொடுக்காத காணிகளும் உண்டு.

மூன்றாவது, பாடசாலை. நாங்கள் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்ற கேள்வி ஒன்றரை ஆண்டில் வந்து நின்றது. தரம் 1 அனுமதியில் வதிவிடத்தை உறுதிப்படுத்த வாக்காளர் இடாப்பில் பெற்றோரின் பெயர் தொடர்ந்து இருந்ததற்குப் புள்ளிகள் உண்டு. தாய், தந்தை இருவரின் பெயரும் யாழ்ப்பாணத்துக்குப் போயிருந்தன. பிள்ளை புத்தளத்தில் பிறந்தது, புத்தளத்தில் முன்பள்ளிக்குப் போனது, வீடு பாடசாலையின் மணியோசை கேட்கும் தூரத்தில் இருந்தது. ஒரு தாய் எல்லாப் பத்திரங்களையும் அடுக்கிய பைலோடு வந்து என் முன்னால் வைத்தார். மின்பட்டியல், பிறப்புச் சான்றிதழ், வீட்டு உறுதி எல்லாம் இருந்தன. இடாப்புப் பிரதி மட்டும் இல்லை. 'நாங்கள் எங்கே இருக்கிறோம் என்று பள்ளிவாசல்தானே எழுதிக் கொடுத்தது?' என்றார். பதில் சொல்ல என்னிடம் ஒன்றும் இருக்கவில்லை.

இதற்கிடையே குடும்பங்கள் தாமாகவே ஒரு வழியைக் கண்டுவிட்டன. ஆண்கள் யாழ்ப்பாணத்தில் பழைய இரும்பு, தையல், இறைச்சிக்கடை என்று தொழிலைத் தொடங்கிக் கடையிலேயே படுத்தார்கள். பெண்களும் பிள்ளைகளும் புத்தளத்தில் இருந்தார்கள். வியாழன் இரவு பஸ் குடியிருப்பின் முடக்கில் ஆட்களை இறக்கும். இரண்டு அடுப்பு என்று இதைச் சொன்னார்கள். எந்தப் படிவத்திலும் இதற்கு இடமில்லை. எங்கள் பதிவேட்டிலும் இல்லை.

இரண்டாவது முடிவு

2012இன் இறுதியில் நிர்வாக சபை மீண்டும் கூடியது. இம்முறை பாடசாலை மண்டபத்தில், பகலில், பெண்களும் இருந்தார்கள். தம்பி மூலம் அந்த ஆசிரியை அனுப்பிய தரம் 1 பற்றிய கேள்வியே முதல் விடயமாக எடுக்கப்பட்டது. பேச்சு இரண்டு அமர்வுகளுக்கு நீண்டது. சில கசப்பான வார்த்தைகளும் வந்தன. முடிவில் பதிவேட்டைப் புதிதாக எழுதுவதென்று தீர்மானித்தார்கள்.

குடும்பத்துக்கு ஒரு வரி என்றிருந்தது ஆளுக்கு ஒரு வரியாயிற்று. உறுதி யார் பெயரில் என்ற நிரல் சேர்ந்தது. பிறந்த இடம், ஆண்டின் பெரும்பகுதி இருக்கும் இடம், வாக்காளர் பதிவு உள்ள இடம் ஆகியன தனித்தனி நிரல்களாயின. ஒன்று மற்றதோடு ஒத்திருக்க வேண்டும் என்ற கட்டாயம் நீங்கியது. அதே வேளை, ஒருவர் பெயர் இரண்டு இடாப்பில் வரக்கூடாது என்பதில் சபை கண்டிப்பாயிருந்தது. யார் எங்கே பதிவது என்பதை ஒவ்வொருவரும் தாமே முடிவெடுக்க வேண்டும், பள்ளிவாசல் அதில் புத்திமதி மட்டும் சொல்லலாம் என்றும் எழுதப்பட்டது. கடைசி வாசகத்துக்கு மூத்தவர்களிடமிருந்து கடும் எதிர்ப்பு வந்தது. தெரு தெருவாக நின்றதுதான் எங்கள் பலம், ஆளாளுக்குப் பிரிந்தால் புத்தளத்தில் கரைந்துபோவோம் என்றார்கள். அந்தக் கவலையை அப்போது நான் குறைத்து மதிப்பிட்டேன். அது வெறும் பிடிவாதமன்று.

விளைவு

2013ஆம் ஆண்டின் 27ஆம் இலக்க வாக்காளர் பதிவு விசேட ஏற்பாடுகள் சட்டம், இடம்பெயர்ந்தவர்கள் தாம் முன்பு வாழ்ந்த இடத்தின் இடாப்பில் பதிய வழி செய்தது. தனித்தனியாகப் பிரித்த பட்டியல் அதற்கு நன்கு பொருந்தியது. முதியவர்கள் பலர் யாழ்ப்பாணத்தில் பதிந்தார்கள். சிறு பிள்ளைகளின் தாய்மார் புத்தளத்தில் பதிந்தார்கள். தரம் 1 சிக்கல் அடுத்த ஆண்டுகளில் படிப்படியாகக் குறைந்தது. ஆனால் முதலில் தவறவிட்ட பிள்ளைகள் தூரப் பாடசாலைகளுக்கே போனார்கள், அதை யாரும் திருத்த முடியவில்லை. போர்க்காலத்தில் காணிக்காக நீதிமன்றம் போக முடியாதிருந்தவர்களுக்கு ஆட்சியுரிமைச் சட்டத்திலிருந்து நிவாரணம் தரும் 2016ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கச் சட்டம் வந்தபோது, உறுதி யார் பெயரில் என்ற நிரலைக் கொண்டு உரியவர்களை, பெரும்பாலும் பெண்களை, காலக்கெடுவுக்குள் சட்டத்தரணியிடம் அனுப்ப முடிந்தது.

முழுக் குடும்பமாகத் திரும்பியவர்கள் குறைவு. முதலும் தொடர்பும் உள்ள வியாபாரிகள், தனித்த முதியவர்கள், ஓரிரு ஆசிரியர் குடும்பங்கள் என்று அவர்களை எண்ணிவிடலாம். மற்றவர்களுக்கு இரண்டு அடுப்பு தொடர்கிறது. வாக்கு வடக்கிலும் வாழ்வு புத்தளத்திலும் இருப்பதன் விலையும் தெரிய வந்தது: 2019 நவம்பர் 16, ஜனாதிபதித் தேர்தல் நாளில், புத்தளத்திலிருந்து மன்னாருக்கு வாக்களிக்கப் போனவர்களின் பஸ் வண்டிகள் தந்திரிமலையில் சுடப்பட்டன. எங்கள் குடியிருப்பார் அந்த வண்டிகளில் இல்லை. ஆனால் அந்தச் செய்தி வந்த காலை, யாழ்ப்பாணத்துக்குப் புறப்பட ஆயத்தமாயிருந்த இரண்டு முதியவர்கள் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு உள்ளே போய்விட்டார்கள்.

அதே ஆண்டு ஏப்ரல் குண்டுத் தாக்குதல்களுக்குப் பின், பள்ளிவாசல்களிலும் வீடுகளிலும் தேடுதல் நடந்த நாட்களில், இத்தனை பெயரும் விலாசமும் உள்ள ஒரு பதிவேட்டைப் பள்ளிவாசல் அலுமாரியில் வைத்திருப்பது சரியா என்ற கேள்வி முதன்முறையாக எழுந்தது. அதில் மறைப்பதற்கு ஒன்றுமில்லை. ஆயினும் யாருக்கு எங்கே காணி, யார் எங்கே உறங்குகிறார் என்பதெல்லாம் ஒரே கொப்பியில் இருப்பது எவர் கையில் போனாலும் ஆபத்தானது. அதை நாங்கள் முன்னரே யோசித்திருக்க வேண்டும்.

மறுபடியும் செய்வதானால்

ஆளுக்கு ஒரு வரி, உறுதிக்கு ஒரு நிரல், கூட்டத்தில் பெண்கள்: இந்த மூன்றையும் முதல் நாளே செய்திருப்பேன் என்பதை மேலே சொன்னவற்றிலிருந்தே விளங்கிக்கொள்ளலாம். ஒரு சமூகத்திடம் நல்ல பட்டியல் இருப்பது அதை அவசரப்பட்டுக் கையளிப்பதற்குக் காரணமாகாது. 2010இல் ஆறு மாதம் பொறுத்திருந்தால், முதலில் போனவர்கள் திரும்பி வந்து சொல்வதைக் கேட்டுப் படிவத்தை நிரப்பியிருக்கலாம். பதிவேட்டின் பிரதிகளையும் பிரித்து வைத்திருப்பேன். காணி விவரம் ஒருவரிடம், ஆள் விவரம் இன்னொருவரிடம்.

ஆனால் நான் அதிகம் வருந்துவது வேறொன்றுக்காக. விட்டு வந்த வளவின் நான்கு எல்லைகளையும் கிணற்றின் பாதி வரை எழுதி வைத்தவர்கள், இருக்கும் வீட்டின் எல்லைகளை எழுதவில்லை. புத்தளத்து உறுதிகளில் அயலவர் பெயர்கள் இருந்தன. ஆனால் உறுதி பெட்டிக்குள் இருந்தது, பிள்ளைகள் படித்தது கொப்பியை. அந்த நிரலைச் சேர்க்கும்படி 2014இல் கேட்டவள் அந்தப் பழைய கட்டுரைச் சிறுமி; அப்போது அவள் உயர்தர மாணவி. சபை ஏற்றது. எழுதப் போனபோது, இருபதாண்டு அயலில் இருந்த உள்ளூராரின் முழுப்பெயர் பலருக்குத் தெரியவில்லை. 'முட்டைக் கடைக்காரர்', 'டெய்லர் வீடு', 'வேன் வைத்திருக்கிறவர்' என்றே சொன்னார்கள். பிள்ளைகள் கொப்பியோடு வீடு வீடாகப் போய்ப் பெயர் கேட்டார்கள். என்னத்துக்கு எங்கட பேர் என்று சந்தேகப்பட்டவர்களும் இருந்தார்கள். முட்டைக் கடைக்காரர் மட்டும் கொப்பியை வாங்கி முன் பக்கங்களையும் புரட்டிப் பார்த்து, அந்த மாஸ்டர் என்பவர் யார் என்று நெடுநேரம் விசாரித்தாராம்.

நிரல் இன்னும் முழுதாக நிரம்பவில்லை. அதை நிரப்பி வந்த அந்தப் பெண்ணுக்கு இப்போது உள்ளூரில் திருமணமாகியிருக்கிறது. தன் வரியில் 'ஊர்' என்ற இடத்தில் புத்தளம் என்று எழுதும்படி கேட்டாள். அவளுடைய வாப்பா சம்மதிக்கவில்லை. யாழ்ப்பாணத்து வளவின் உறுதி அவளுடைய உம்மாவின் பெயரில் இருக்கிறது; உம்மா இரு பக்கமும் பேசாமல் இருக்கிறார். எழுதுபவர் அந்த வரியைப் பென்சிலால் எழுதி வைத்திருக்கிறார்.